ஆந்த்ராக்ஸ் தடுப்பூசி போடச் சொல்கிறார்கள். இன்னொரு குழந்தைக்கும் ஆசைப்படுகிறேன். என்ன செய்வது?

வாசகி ஒருவர் நீண்ட கடிதம் எழுதியிருக்கிறார். அவருடைய அடையாளம் வெளிப்படாதபடி சுருக்கித் தருகிறேன்.

வயது 31. கால்நடை நோய்களைக் கண்டறியும் ஆய்வுக்கூடம் ஒன்றில் ஆய்வக நுட்புநர். இறந்த மாடுகளின் ரத்தப் பூச்சைக் கண்ணாடித் தகட்டில் சாயமேற்றி நுண்ணோக்கியில் பார்ப்பது இத்தனை ஆண்டுகளாக அவருடைய வேலை. இப்போது அங்கே ஒரு புதிய பிரிவு தொடங்குகிறது. அடைப்பான் நோயை உண்டாக்கும் ஆந்த்ராக்ஸ் கிருமியை வளர்த்து, அதன் ஸ்போர்களை (கெட்டியான உறைக்குள் கிருமி உறங்கிக் கிடக்கும் வடிவம்) பிரித்தெடுத்து ஆராயப்போகிறார்கள். அதில் சேருகிறவர்கள் தடுப்பூசி போட்டுக்கொண்டாக வேண்டும் என்று நிர்வாகம் சொல்லியிருக்கிறது. கூடவே, 'என் சொந்த விருப்பத்தில் போட்டுக்கொள்கிறேன். பின்விளைவு வந்தால் இழப்பீடு கோரமாட்டேன்' என்று ஒரு படிவமும் நீட்டியிருக்கிறது.

வாசகி ஒன்பது மாதக் குழந்தைக்குத் தாய்ப்பால் கொடுக்கிறார். அடுத்த ஆண்டு இன்னொரு குழந்தை பெற்றுக்கொள்ளும் எண்ணமும் இருக்கிறது. வளைகுடாப் போருக்குப் போன சிப்பாய்களை இந்த ஊசிதான் நோயாளிகளாக்கியது, குழந்தைப்பேறும் பாதிக்கும் என்று கணவர் எங்கோ படித்துவிட்டுத் தடுக்கிறார். ஊசியில் உள்ள கிருமி பால் வழியாகக் குழந்தைக்குப் போய்விடும் என்று மாமியார் அஞ்சுகிறார். கால்நடை மருத்துவரான சித்தப்பாவோ, "பாஸ்டர் காலத்திலிருந்து மாட்டுக்குப் போடுகிற சரக்குதானே, என்னிடமே இருக்கிறது, வா போட்டுவிடுகிறேன்" என்கிறாராம். ஊசி போட்டுவிட்டால் முகக்கவசத் தொல்லை இருக்காது என்று உடன் வேலை செய்பவர்கள் சொல்கிறார்கள். "இத்தனை ஆண்டுகள் ஊசி இல்லாமல் வேலை செய்து என் குழந்தையை ஆபத்தில் தள்ளிவிட்டேனா? இப்போது போட்டுக்கொள்ளலாமா, கூடாதா? ஒரே வரியில் சொல்லுங்கள்" என்று கேட்டு முடித்திருக்கிறார்.

அன்புள்ள சகோதரிக்கு,

ஒரு வரியில் அடங்குகிற பதில் இல்லை. ஆனாலும் உங்களைக் காக்க வைக்காமல் என் கருத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். பழைய வேலையிலேயே நீடிப்பதானால் இந்த ஊசி உங்களுக்குத் தேவையில்லை. புதிய பிரிவுக்குப் போவதானால் தேவை. அப்படிப் போவதானால், ஒன்று, கருத்தரிப்பதற்கு முன்பே முதல் கட்டத் தவணைகளை முடித்துவிடுங்கள். இல்லையென்றால், அடுத்த பிரசவம் முடியும்வரை அந்தப் பிரிவுக்குப் போவதைத் தள்ளிவையுங்கள். கர்ப்பமாக இருக்கும்போது ஊசியும் இல்லாமல் ஸ்போர் நிறைந்த மேசையிலும் நிற்பதுதான் கூடாது. ஏன் இப்படிச் சொல்கிறேன் என்பதை இனி விளக்குகிறேன்.

இந்த ஊசி யாருக்கு?

முதலில் உங்கள் குற்ற உணர்வைப் பார்ப்போம். ஆந்த்ராக்ஸ் இருமல், மூச்சு வழியாக ஒருவரிடமிருந்து இன்னொருவருக்குத் தொற்றும் நோய் அல்ல. தோலில் வந்த புண்ணை நேரடியாகத் தொட்டதால் பரவியதாக மிக அரிதான பதிவுகள் உண்டு, அவ்வளவுதான். நோயுற்ற விலங்கின் ரத்தம், தோல், ரோமம், இறைச்சி ஆகியவற்றிலிருந்தும், மண்ணில் பல பத்தாண்டுகள் அழியாமல் கிடக்கும் ஸ்போர்களிலிருந்தும்தான் அது மனிதரை அடைகிறது. அதனால் அம்மை, போலியோ தடுப்பூசிகளைப் போல ஊர் முழுவதும் போட்டு நோயின் சங்கிலியை அறுக்கும் வேலை இந்த ஊசிக்கு இல்லை. போட்டுக்கொண்டவரை மட்டும் காக்கும். நீங்கள் ஊசி போடாததால் வீட்டில் யாருக்கும் ஆபத்து வந்ததில்லை. போட்டுக்கொள்வதாலும் அவர்களுக்குத் தனிப் பாதுகாப்பு வந்துவிடாது. வேலை உடுப்பை ஆய்வுக்கூடத்திலேயே கழற்றி வைத்து, கைகளைக் கழுவிவிட்டு வீடு திரும்புவதுதான் உங்கள் குழந்தைக்கு நீங்கள் செய்யக்கூடிய பாதுகாப்பு.

வழக்கமான நோயறி மாதிரிகளை முறையான பாதுகாப்போடு கையாளும் ஆய்வகப் பணியாளர்களுக்கு இந்த ஊசியை அமெரிக்காவின் தடுப்பூசி ஆலோசனைக் குழு பரிந்துரைப்பதில்லை. கிருமியை அதிக அளவில் வளர்ப்பவர்கள், ஸ்போர்கள் காற்றில் எழும்பக்கூடிய வேலையைச் செய்பவர்கள் ஆகியோருக்குத்தான் பரிந்துரைக்கிறது. ரத்தப் பூச்சுக்கும் ஸ்போர் தயாரிப்புக்கும் இடையே உள்ள தூரம் அப்படிப்பட்டது. தோலில் வரும் ஆந்த்ராக்ஸ் மருந்துக்குப் பெரும்பாலும் கட்டுப்பட்டுவிடும். நுரையீரல் வழியாக வருவது வேறு. 2001-இல் அமெரிக்காவில் கடித உறைகளில் ஸ்போர் அனுப்பப்பட்டபோது அதைச் சுவாசித்து நோயுற்ற 11 பேரில் 5 பேர் இறந்தார்கள். நவீன மருத்துவமனைகளும் நல்ல மருந்துகளும் இருந்தும் இந்த நிலை. உங்கள் புதிய பிரிவில் இருக்கப்போவது அந்த வகை ஆபத்து. நிர்வாகம் ஊசி போடச் சொல்வது நியாயமே.

சித்தப்பாவின் ஊசி வேண்டவே வேண்டாம்

உங்கள் சித்தப்பா அன்பினால் சொல்கிறார். ஆனால் இந்த ஒரு விஷயத்தில் அவர் பேச்சைக் கேட்காதீர்கள். மாட்டுக்குப் போடுவதும் மனிதருக்குப் போடுவதும் ஒன்றல்ல.

1881 மே மாதம் பிரான்சின் புயி-லெ-ஃபோர் என்ற ஊரில், ஊரார் பார்க்க, லூயி பாஸ்டர் ஆட்டுமந்தை ஒன்றைச் சரிபாதியாகப் பிரித்து ஒரு பாதிக்கு மட்டும் வலுவிழந்த கிருமியை ஊசியாகப் போட்டார். பிறகு எல்லா ஆடுகளுக்கும் வீரியமுள்ள கிருமியைச் செலுத்தினார். ஜூன் தொடக்கத்தில் ஊசி போடாத ஆடுகள் செத்து விழ, போட்ட பாதி நின்றது. பெரிய வெற்றிதான். ஆனால் பாஸ்டர் முறையில் செய்த ஊசியின் வீரியம் தொகுதிக்குத் தொகுதி மாறியது. சில நேரம் ஊசியே கால்நடைகளைக் கொன்றது. இன்று உலகெங்கும் மாடுகளுக்குப் பயன்படுவது 1930-களில் தென்னாப்பிரிக்காவின் ஆண்டர்ஸ்டெபோர்ட்டில் மாக்ஸ் ஸ்டெர்ன் கண்டெடுத்த 34எஃப்2 என்ற வகை. கிருமியைச் சுற்றியுள்ள மேலுறையை உருவாக்கும் மரபணுத் துண்டை இழந்துவிட்ட, ஆனால் உயிரோடிருக்கும் கிருமி அது. அதன் ஸ்போர்களைத்தான், பெரும்பாலும் சபோனின் என்ற எரிச்சலூட்டும் பொருளோடு கலந்து, கால்நடைகளுக்குப் போடுகிறார்கள். மாட்டின் கழுத்துத் தோலில் அது வீக்கம் உண்டாக்குவதைச் சித்தப்பாவே பார்த்திருப்பார். மனிதருக்கு அந்த ஊசிக்கு அனுமதி கிடையாது. தவறுதலாகக் கையில் குத்திக்கொண்ட கால்நடை மருத்துவரே உடனே மருத்துவரைப் பார்க்க வேண்டும் என்பதுதான் விதி.

அதற்காகச் சித்தப்பாவின் தொழிலைக் குறைத்துச் சொல்வதாக எண்ண வேண்டாம். மனிதர்களை ஆந்த்ராக்ஸிலிருந்து மிக அதிகமாகக் காப்பாற்றியது மாடுகளுக்குப் போட்ட ஊசிதான். ரஷ்யாவின் யமால் பகுதியில் 2007-இல் கலைமான்களுக்கு இந்த ஊசி போடுவதை நிறுத்தினார்கள். 2016 கோடையில் நோய் மீண்டும் தலைதூக்கி இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட கலைமான்கள் மடிந்தன. 12 வயதுச் சிறுவன் ஒருவன் உயிரிழந்தான். சித்தப்பா தன் ஊசியை மந்தைகளுக்குத் தவறாமல் போடட்டும். உங்களுக்கு வேண்டாம்.

ஊசியில் உயிருள்ள கிருமி இருக்கிறதா?

மாமியாரின் கேள்வி நல்ல கேள்வி. அதற்குப் பதில், உங்களுக்குத் தரப்போவது எந்த ஊசி என்பதைப் பொறுத்தது. அதை நிர்வாகம் உங்களிடம் சொல்லவேயில்லை என்று கடிதத்திலிருந்து தெரிகிறது.

அமெரிக்காவில் 1970-இல் உரிமம் பெற்று, இன்று பயோத்ராக்ஸ் என்ற பெயரில் வரும் ஊசியில் உயிருள்ள கிருமியும் இல்லை, செத்த கிருமியும் இல்லை. கிருமியை ஒரு திரவத்தில் வளர்த்து, வடிகட்டிக் கிருமியை நீக்கிவிட்டு, அது திரவத்தில் விட்டுச்சென்ற புரதத்தை மட்டும் எடுத்து அலுமினிய உப்போடு சேர்க்கிறார்கள். ஆந்த்ராக்ஸ் கிருமி மூன்று புரதங்களைச் சுரக்கிறது. இரண்டு நஞ்சுப் பகுதிகள். மூன்றாவது, பாதுகாப்பு ஆன்டிஜென் எனப்படுவது, அந்த நஞ்சுகளை நம் உயிரணுவுக்குள் நுழைய விடும் வாசல். அந்த மூன்றாவதுக்கு எதிராக உடல் எதிர்ப்பொருளை உருவாக்கிவிட்டால் நஞ்சு உள்ளே போக வழியில்லை. பிரிட்டனின் ஊசியும், சுத்திகரிப்பிலும் சேர்மானத்திலும் வேறுபட்டாலும், இதே வழியில் வடிகட்டித் தயாரிப்பதுதான். இவ்விரண்டில் எதுவாக இருந்தாலும் பாலில் போகக் கிருமி என்று ஒன்று இல்லவே இல்லை. தாய்ப்பால் கொடுப்பது இந்த ஊசிக்குத் தடையாகக் கருதப்படுவதில்லை. ஊசிக்காகப் பாலை நிறுத்தவும் வேண்டாம்.

ஆனால் சோவியத் ஒன்றியத்தில் 1940-களிலிருந்து மனிதருக்கே உயிருள்ள ஸ்போர் ஊசியைத் தோலைக் கீறிச் செலுத்திவந்தார்கள். ரஷ்யாவில் அது இன்றும் உண்டு. சீனாவிலும் அவ்வகை ஊசி இருக்கிறது. உங்களுக்கு வருவது அப்படிப்பட்டதாக இருந்தால், தாய்ப்பால் கொடுத்துக்கொண்டு கர்ப்பத்துக்கும் திட்டமிடும் உங்களுக்கு அது வேண்டாம் என்றே நான் சொல்வேன். ஊசியின் பெயர் தெரியாமல் கையை நீட்டாதீர்கள்.

கணவர் படித்தவற்றில் உண்மை எவ்வளவு?

கணவரின் அச்சத்தைக் கேலி செய்ய மாட்டேன். அதற்குப் பின்னால் உண்மையான வரலாறு இருக்கிறது. 1991 வளைகுடாப் போரின்போது ஏறத்தாழ 1,50,000 அமெரிக்கப் படையினருக்கு இந்த ஊசி போடப்பட்டது. யாருக்கு எத்தனை தவணை என்ற பதிவுகூட ஒழுங்காக வைக்கப்படவில்லை. திரும்பி வந்தவர்களில் பலருக்குச் சோர்வு, மூட்டுவலி, மறதி என்று நீங்காத தொல்லைகள். 1998-இல் ராணுவம் எல்லாப் படையினருக்கும் ஊசியைக் கட்டாயமாக்கத் தொடங்கியது. மறுத்தவர்கள் தண்டிக்கப்பட்டார்கள், பலர் வேலையை இழந்தார்கள். 2004 அக்டோபரில் ஒரு மத்திய நீதிபதி, உரிமம் வழங்கியதில் முறையான நடைமுறை பின்பற்றப்படவில்லை என்று கட்டாய ஊசிக்குத் தடை போட்டார். 2005 இறுதியில் மருந்துக் கட்டுப்பாட்டுத் துறை அந்த நடைமுறையை முடித்து மீண்டும் அங்கீகாரம் அளித்தது.

இதில் நீதிமன்றம் கண்ட குறை நடைமுறையில். ஊசி மனிதரை நோயாளியாக்குகிறது என்று அது சொல்லவில்லை. 2002-இல் அமெரிக்க மருத்துவக் கழகத்தின் வல்லுநர் குழு எல்லா ஆதாரங்களையும் பார்த்துவிட்டு, ஊசி பயன் தருகிறது, ஏற்கத்தக்க அளவு பாதுகாப்பானது என்று முடிவு சொன்னது. போர்வீரர்களின் நோய் கற்பனையல்ல. ஆனால் அதற்கு இந்த ஊசிதான் காரணம் என்பதை ஆய்வுகள் நிறுவவில்லை. நரம்பு வாயுவிலிருந்து காக்கக் கொடுத்த பைரிடோஸ்டிக்மின் மாத்திரை, பூச்சிமருந்துகள் ஆகியவற்றை நோக்கித்தான் வலுவான ஆதாரங்கள் நீள்கின்றன. ஊசியில் கலந்திருந்ததாகக் கணவர் குறிப்பிடும் ஸ்குவாலீன் நம் கல்லீரலே உண்டாக்கும் ஒரு கொழுப்புப் பொருள். சில ஊசித் தொகுதிகளில் மிகமிக நுண்ணிய அளவில் அது காணப்பட்டது உண்மை. அதற்கும் நோய்க்கும் தொடர்பு உறுதியாகவில்லை.

ஊசி வேலை செய்யும் என்பதற்கு ஆதாரம் எங்கே என்றும் அவர் கேட்டிருக்கிறார். 1950-களின் பிற்பகுதியில் அமெரிக்காவில் ஆட்டு ரோமம் பதப்படுத்தும் நான்கு ஆலைகளில் தொழிலாளர்களிடையே ஒரு சோதனை நடந்தது. ஊசியின் பயன் 92.5 சதவீதம் என்று கணக்கிடப்பட்டது. அதே காலத்தில் ஓர் ஆலையில் நுரையீரல் ஆந்த்ராக்ஸ் 5 பேருக்கு வந்து 4 பேர் இறந்தார்கள். அந்த ஐவரில் ஊசி பெற்றவர் ஒருவரும் இல்லை. ஆனாலும் இதில் இரண்டு குறைகளைச் சொல்லியாக வேண்டும். அங்கே பயன்பட்டது இன்றைய ஊசியின் முன்னோடி. நுரையீரல் நோய்க்கு எதிரான பயனை 5 பேரை வைத்து மட்டும் தீர்மானிக்க முடியாது. குரங்குகளிலும் முயல்களிலும் செய்த சோதனைகளையும், மனிதருக்கு உண்டாகும் எதிர்ப்பொருள் அளவையும் சேர்த்துப் பார்த்துத்தான் அந்த இடைவெளியை நிரப்பியிருக்கிறார்கள். மனிதருக்குக் கிருமியைக் கொடுத்துச் சோதிக்க முடியாது என்பதால் வேறு வழியும் இல்லை.

கர்ப்பம்: உண்மையான கேள்வி இதுதான்

கடிதத்தில் போர்வீரர்களைப் பற்றி இரண்டு பக்கமும் கர்ப்பத்தைப் பற்றி நான்கு வரியும் எழுதியிருக்கிறீர்கள். எனக்கு அந்த நான்கு வரிதான் முக்கியம்.

குழந்தைப்பேறு பாதிக்கும் என்பதற்கு ஆதாரம் இல்லை. அமெரிக்க ராணுவத்தில் நாலாயிரத்துக்கும் மேற்பட்ட பெண்களைக் கவனித்து 2002-இல் வெளியான ஆய்வில், ஊசி போட்டவர்களும் போடாதவர்களும் கருத்தரித்த விகிதத்தில் வேறுபாடு காணவில்லை. ஆனால் கர்ப்பத்தின் முதல் மூன்று மாதங்களுக்குள் ஊசி பெற்ற பெண்களின் குழந்தைகளிடம் பிறவிக் குறைபாடுகள் சற்றே கூடுதலாகத் தெரிந்ததாக 2008-இல் இன்னோர் ஆய்வு சொன்னது. அந்தக் கூடுதலில் பெரும்பங்கு இதயத்தின் மேலறைச் சுவரில் உள்ள துளை. அதைக் கழித்துவிட்டால் வேறுபாடு உறுதியாக நிற்கவில்லை. தற்செயலாகவும் இருக்கலாம். இருந்தாலும் எச்சரிக்கை கருதி, கிருமியின் ஆபத்து கண்ணெதிரே இல்லாத நிலையில் கர்ப்பிணிகளுக்கு இந்த ஊசியைத் தள்ளிப்போடச் சொல்கிறார்கள். நானும் அதையே சொல்கிறேன்.

பயோத்ராக்ஸ் என்றால் தசையில் முதல் நாள், ஒரு மாதம் கழித்து, ஆறாவது மாதம் என மூன்று தவணைகள். அவை முடிந்த பிறகே பாதுகாப்பு வந்ததாகக் கொள்வார்கள். பிறகு 12, 18-ஆம் மாதங்களில் பூஸ்டர், அதன்பின் ஆபத்து தொடரும்வரை ஆண்டுதோறும் ஒன்று. பிரிட்டிஷ் ஊசி என்றால் மூன்று வார இடைவெளியில் மூன்று, அதிலிருந்து ஆறு மாதம் கழித்து நான்காவது. எதுவானாலும் ஏறத்தாழ அரை ஆண்டு போய்விடும். அடுத்த ஆண்டுதான் குழந்தை என்று நீங்கள் சொல்வதால் காலம் இருக்கிறது. அந்த அரை ஆண்டும் நம்பகமான கருத்தடை வேண்டும். ஒவ்வொரு தவணைக்கு முன்பும் கர்ப்பப் பரிசோதனை செய்துகொள்ளுங்கள். இடையில் கருத்தரித்துவிட்டால் பதற வேண்டாம். மீதித் தவணைகளைப் பிரசவத்துக்குப் பிறகு தொடரலாம், முதலிலிருந்து தொடங்க வேண்டியதில்லை. ஊசி போட்டதற்காகக் கருவைக் கலைக்க வேண்டும் என்று யாராவது சொன்னால் ஏற்காதீர்கள்.

போட்ட பிறகு கை வலிக்கும், சிவக்கும், இரண்டொரு நாள் தூக்க முடியாமல் போகலாம். தலைவலி, உடல்வலி, அசதி வருவதுண்டு. ஊசி போட்ட இடத்தில் வரும் இந்தத் தொல்லைகள் ஆண்களைவிடப் பெண்களுக்கு அதிகம் என்பது பதிவாகியிருக்கிறது. முன்பு தோலுக்கடியில் போட்டதைத் தசைக்கு மாற்றிய பிறகு குறைந்திருக்கிறது. கடுமையான ஒவ்வாமை மிக அரிது. ஆனால் உங்கள் கடிதத்தில் போகிற போக்கில் ஒரு வரி இருக்கிறது: ரப்பர் கையுறை போட்டால் கை தடித்து அரிக்கிறது என்று. பயோத்ராக்ஸ் குப்பியின் மூடியில் இயற்கை ரப்பர் உண்டு. ஊசி போடுபவரிடம் இதை முதலிலேயே சொல்லுங்கள். அதற்கு முன் ரப்பர் ஒவ்வாமைக்கான பரிசோதனையைச் செய்துகொள்ளுங்கள்.

அந்தப் படிவம்

கையெழுத்துப் போடாதீர்கள், இப்போதைக்கு. 'போட்டே ஆக வேண்டும்' என்று ஒரு வாயால் சொல்லிவிட்டு, 'சொந்த விருப்பம்' என்று எழுதி வாங்குவது எனக்குச் சரியாகப் படவில்லை. ஆபத்தான வேலைக்கு ஊசியை நிபந்தனையாக வைக்கலாம். அப்படி வைத்தால் அது வேலையின் பகுதி. அதனால் வரும் தீங்குக்கும் வேலை தருபவருக்குப் பொறுப்பு உண்டு என்பதே என் நிலைப்பாடு. இழப்பீட்டை விட்டுக்கொடுக்கும் அந்த வாசகம் உங்கள் நாட்டுத் தொழிலாளர் சட்டத்தின் முன் நிற்குமா என்பதை ஒரு வழக்கறிஞரிடம் காட்டிக் கேளுங்கள்.

நிர்வாகத்திடம் எழுத்தில் கேளுங்கள்: ஊசியின் பெயர், தயாரித்த நிறுவனம், மனிதருக்கான உரிமம், தொகுதி எண், எல்லாத் தவணைகளும் பூஸ்டர்களும் தொடர்ந்து கிடைக்குமா, கர்ப்பமானால் ஊதியம் குறையாமல் வேறு பிரிவுக்கு மாற்றுவார்களா, பக்கவிளைவுக்கான சிகிச்சைச் செலவு யாருடையது. பதில் வரும்வரை பழைய மேசையிலேயே இருங்கள். அது உங்கள் உரிமை, பயந்தாங்கொள்ளித்தனம் அல்ல.

ஊசிக்குப் பிறகு முகக்கவசம் வேண்டாம் என்று சொல்லும் நண்பர்களுக்கு: பெருமளவு ஸ்போர் ஒரேயடியாக உள்ளே போனால் ஊசி மட்டும் தாங்கும் என்று யாரும் உறுதி தரவில்லை. பாதுகாப்பு கேபினெட், முகக்கவசம், கையுறை எதுவும் குறையக் கூடாது. குடுவை உடைந்தாலோ கையுறை கிழிந்தாலோ, ஊசி போட்டவரும் அன்றே சொல்லிச் சிகிச்சை பெற வேண்டும்.

இன்னொன்று. இப்போது ஊசி வேண்டாம் என்று முடிவெடுத்தாலும் கதவு மூடிவிடாது. ஸ்போர்களைச் சுவாசித்திருக்கக்கூடும் என்ற நிலை வந்தால் சிப்ரோஃப்ளாக்சசின் அல்லது டாக்ஸிசைக்ளின் மருந்தை 60 நாள் வரை கொடுப்பார்கள்; கூடவே இரண்டு வார இடைவெளியில் மூன்று தவணை ஊசியும் உண்டு. ஸ்போர்கள் நுரையீரலில் வாரக்கணக்கில் உறங்கிக் கிடக்கும் என்பதால்தான் இத்தனை நாள். அந்தச் சூழ்நிலையில் கர்ப்பிணிக்கும் ஊசி மறுக்கப்படுவதில்லை. அப்போது கிருமியின் ஆபத்து ஊசியின் ஆபத்தைவிடப் பெரியது. 2023-இல் அமெரிக்காவில் அனுமதி பெற்ற சைஃபெண்டஸ் என்ற புதிய ஊசி இரண்டே தவணையில் இந்த வேலையைச் செய்கிறது, ஆனால் கிருமி பட்ட பிறகு, மருந்தோடு சேர்த்துக் கொடுப்பதற்கு மட்டும். புதிய பிரிவில் இந்த மருந்துகள் கையிருப்பில் இருக்கின்றனவா என்பதையும் உங்கள் கேள்விப் பட்டியலில் சேர்த்துக்கொள்ளுங்கள். அவர்கள் தரும் பதில்களை எனக்கு அனுப்பினால், ஊசியின் பெயரைப் பார்த்துவிட்டு உங்களுக்கான தவணைத் தேதிகளை நான் குறித்துத் தருகிறேன்.